பணி செய்யாத காலம்

உத்தரவைக் கதவில் ஒட்டிவிட்டுப் போனார்கள்.
நான் அப்போது வாய்க்கால் கரையில்தான் இருந்தேன்.
பசை காய்வதற்குள் பக்கத்து வீட்டு ஆடு
கீழ்மூலையைக் கடித்துத் தின்றுவிட்டது.
மிச்சத்தில் என் பெயர் இருந்தது:
பெ. சேவுகன், லஸ்கர், பெரியாறு பிரதானக் கால்வாய்.
தேதி இருந்தது. முத்திரையும் பாதி இருந்தது.
காரணம் ஆட்டின் வயிற்றில்.

"விளக்கம் கேட்டார்களா? விசாரணை நடந்ததா?"
என்றார் வக்கீல் மெர்சி ஜெயராணி.
ஜீப் வந்தது.
கண்ணாடியை மட்டும் இறக்கி
"கைப்பிடி எங்கடா" என்று கேட்டார் ஏ.இ.
அவ்வளவுதான் நடந்தது என்றேன்.
இயற்கை நீதிக்கு முரணானது
என்று எழுதிக்கொண்டார்.

எனக்குத் தெரிந்த இயற்கை நீதி
தண்ணீர் பள்ளம் பார்த்துப் போகும் என்பதுதான்.
கள்ளந்திரி தாண்டி ஏழாவது மடை.
முறைவைக்காத இரவில்
மேட்டுத் தென்னந்தோப்புக்கு அதைத் திறந்தது
நான் இல்லை.
திறந்த கையில் தங்கச் செயின் வாட்ச் இருந்தது.
மனுவில் அதைச் சேர்க்க வேண்டாம் என்றார் வக்கீல்,
நிரூபிக்க முடியாதாம்.

ஒத்தக்கடையில் இறங்கி நடந்த நாட்களை
வீராயிதான் காலண்டரில் வட்டம் போட்டு வைத்தாள்.
"நாப்பத்தேழாவதா இருக்குண்ணே, இன்னைக்கு வந்துரும்"
என்பார் குமாஸ்தா கமாலுதீன்.
நாற்பத்தாறு வரைக்கும் வரும்.
ஒரு நாள் வந்தேவிட்டது:
எதிர்மனு தாக்கல் செய்ய நான்கு வாரம் கேட்டார்கள்.
அந்த நான்கு வாரம்
இரண்டு ஆடி, இரண்டு தை தாண்டிப் போனது.
யானைமலை எதிரே படுத்துக் கிடந்தது.
அதற்கென்ன, வாய்தாவா வக்கீலா.

வீராயி நூறுநாள் வேலைக்குப் போனாள்.
என்னை நீக்கிய வாய்க்காலையே
தூர்வாரக் கொடுத்தார்கள்.
சாயங்காலம் அவள் காலைக் கழுவும்போது
வழியும் சேற்றைப் பார்ப்பேன்,
எந்த மைல்கல்லின் சேறு என்று சொல்லிவிடுவேன்.
"வாயை மூடிட்டுச் சொம்பை எடுங்க" என்பாள்.

இனி சொல்லப்போவது
எந்தக் கட்டிலும் இல்லை.

என் இடத்துக்கு ஒப்பந்தத்தில் வந்தவன் வைரவன்.
ராத்திரி இரண்டு மணிக்கு
பைக்கை அணைத்துத் தள்ளிக்கொண்டே வருவான்.
"ஷட்டர் சிக்கிக்கிச்சு, கீழ நாத்து கருகுது."
சட்டையைத் தேடாமல் போவேன்.
அவன் டார்ச் அடிப்பான்.
கால் சுற்று இடது, அப்புறம்தான் வலது;
மரை தேய்ந்த திருகு, வேறு வழியில் கேட்காது.
ஒன்பது வருஷத்தில் எத்தனை இரவு?
வட்டம் போட்டு வைக்க முடியாத இரவுகள்.

இடைப்பட்ட காலத்தில் மனுதாரர்
வேறெங்கும் பணிபுரியவில்லை
என்று பிரமாணப் பத்திரத்தில் இருந்தது.
கையெழுத்துப் போட்டேன், பொய்யில்லை.
வேறெங்கும் செய்யவில்லைதானே.

தீர்ப்பு மூன்று நிமிடம்.
நீக்கம் ரத்து. மீண்டும் பணி. தொடர்ச்சி உண்டு.
பணி செய்யாத காலத்துக்குச் சம்பளம் இல்லை.
கமாலுதீன் என் முழங்கையை அமுக்கினார்,
ஜெயிச்சாச்சு என்று.
எனக்கு நாக்கு நுனிவரை வந்துவிட்டது.
சொன்னால்
அனுமதியின்றி மடையைத் திறந்தவன் ஆகிவிடுவேன்,
முதல் குற்றச்சாட்டே அதுதான்.
விழுங்கிக்கொண்டு கும்பிட்டேன்.

பழைய ரிஜிஸ்டரில் புதுப் பக்கம்.
புது ஏ.இ. சின்னப் பெண், ஜீப்பை விட்டு இறங்கினார்.
"ரொம்ப வருஷம் விட்டுப்போச்சே,
ஷட்டர் போடுறது ஞாபகம் இருக்கா?"
வைரவன் தண்ணீர் வராத பக்கமாய்த் திரும்பிக்கொண்டான்.
"பார்க்கிறேம்மா" என்றேன்.

கைப்பிடியை மாட்டும்போது போன் அடித்தது.
கமாலுதீன்.
மேல்முறையீடு போட்டுவிட்டார்களாயிருக்கும்.
கையெல்லாம் கிரீஸ்.
அடிக்கட்டும் என்று விட்டுவிட்டு
கால் சுற்று இடது.